கடைசி ஷாட் வரை உயிரோடு

பிப்ரவரி 3, செவ்வாய்

காலையில் மூன்று வகுப்பு. பாங்க் மேனேஜர் ரிவர்ஸ் எடுக்கச் சொன்னால் கண்ணை மூடிக்கொள்கிறார். "கண்ணைத் திறங்க சார்" என்றால், "திறந்தா பயமா இருக்கு மாஸ்டர்" என்கிறார். என் காலடியில் மட்டும் இன்னொரு பிரேக் இல்லாவிட்டால் இந்த ஊரில் பாதிப் பேர் ஆஸ்பத்திரியில் படுத்திருப்பார்கள். அதற்கு ஒரு நன்றி கிடையாது.

நோட்டை எடுத்தது அதை எழுதுவதற்கு அல்ல. சந்தோஷத்தில் கை ஓடவில்லை, அதனால் சுற்றி வளைக்கிறேன்.

மதியம் ஒரு போன் வந்தது. முன்பு என்னிடம் கார் ஓட்டக் கற்றுக்கொண்ட பெண். கல்யாண வீடியோ எடுப்பவள். ஓட்டும்போது ரோட்டை விட்டுவிட்டு மரத்தில் விழும் வெயிலைப் பார்ப்பாள். ஒரு நாள் அந்த மரத்தையே போய்ப் பார்த்துவிட்டாள். "மாஸ்டர், நான் ஒரு படம் எடுக்கறேன். போர்ப் படம். எதிரி நாட்டுக்குள்ள மாட்டிக்கிட்ட ஆறு சிப்பாய்ங்க. அதுல நீங்க ரேடியோ ஆபரேட்டர்."

"எத்தனாவது சீன்ல சாகணும்?" என்று கேட்டேன். தொழில்முறைக் கேள்வி. இதுவரை நடித்த எல்லாப் படத்திலும் செத்திருக்கிறேன். வில்லனின் அடியாளாக, ரயில் பயணியாக, ராஜாவின் வாயிற்காவலனாக. ஒரு படத்தில் வசனம்கூட உண்டு: "ஐயோ."

"நீங்க சாகலை மாஸ்டர். நீங்க மட்டும்தான் கடைசி வரைக்கும் உயிரோட இருக்கீங்க. கடைசி ஷாட்டே நீங்கதான்."

அவள் போனை வைத்த பிறகும் நான் காதிலேயே வைத்துக்கொண்டு நின்றிருக்கிறேன். அடுத்து வகுப்புக்கு வந்த பெண்மணி, "சார், கெட்ட செய்தியா?" என்று கேட்டார்.

மருந்துக் கடை வேலை முடிந்து என் மனைவி வந்ததும் சொன்னேன். செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்றாள்.

"கடைசி வரைக்குமா?"

"கடைசி ஷாட் வரைக்கும்."

"எழுதி வாங்கினீங்களா?"

இந்த வீட்டில் என் வார்த்தைக்கு உள்ள மரியாதை இவ்வளவுதான். ஆனால் அவள் கேட்டதில் நியாயம் இருக்கிறது. கல்யாணமான புதிதில் என் முதல் படத்துக்கு அவளை ஜம்பமாகக் கூட்டிப்போனேன். அவளுடைய அண்ணன் லாரி மோதிப் போய் அப்போது ஒரு வருஷம்கூட ஆகவில்லை. ஆஸ்பத்திரியில் துணியை விலக்கி, "ஆமா, எங்க அண்ணன்தான்" என்று சொன்னவள் அவள். படத்தில் என்னைச் சுட்டுத் தரையில் போட்டார்கள். யாரோ ஒருவன் வந்து என் முகத்தில் ஒரு துணியைப் போட்டான். அவள் எழுந்து வெளியே போய்விட்டாள், பக்கத்து சீட்டில் உயிரோடு உட்கார்ந்து மீசையை முறுக்கிக்கொண்டிருந்த என்னையும் விட்டுவிட்டு. அதற்குப் பிறகு என் படம் எதையும் அவள் பார்த்ததில்லை. "ஒரு படத்துலயாவது உயிரோட வீட்டுக்கு வாங்க, அப்ப வந்து பார்க்கறேன்" என்பாள். நான் சிரித்து மழுப்புவேன். எனக்கு அது எவ்வளவு பெரிய குறை என்று அவளிடம் சொன்னதில்லை. இங்கேதான் சொல்ல முடியும்.

இன்று செருப்பைக் கழற்றிவிட்டு, "சரி. அப்ப இதுக்கு வரேன்" என்றாள்.

வருகிறாளாம்! வருகிறாளாம்!

பிப்ரவரி 5, வியாழன்

கண்ணாடி முன்னால் நின்று உயிரோடு இருந்து பார்த்தேன். சரியாக வரவில்லை.

பிப்ரவரி 8, ஞாயிறு

ஊருக்கு வெளியே மூடிக்கிடக்கும் மரக்கிடங்கில் எல்லோரும் கூடினோம். அடுத்த மாதம் அதை இடிக்கப் போகிறார்கள். அதற்குள் என்ன வேண்டுமானாலும் செய்துகொள் என்று சொந்தக்காரர் டைரக்டரிடம் சாவியைக் கொடுத்துவிட்டார். (இனி அவளை டைரக்டர் என்றுதான் எழுத வேண்டும். மரத்தில் மோதியவள் என்று எழுதினால் மரியாதையில்லை.)

கதை இதுதான். பாலத்தைத் தாண்டிப் போன ஆறு பேர். பின்னால் பாலம் தகர்ந்துவிடுகிறது. எதிரியின் பக்கம் ஒரு கிடங்கில் ஒளிகிறார்கள். ரேடியோவில் கேட்க முடியும், பேச முடியாது. ஒரு நாள் அதில் தங்கள் தலைமையகமே இறந்தவர்களின் பெயர்களை வாசிக்கிறது — இவர்கள் ஆறு பேரின் பெயரும் வருகிறது. அதைக் கேட்டு மற்றவர்களுக்குச் சொல்ல வேண்டியவன் ரேடியோக்காரன். நான்! ஒவ்வொருவராகப் போய், கடைசியில் அவன் மட்டும் ஆற்றைக் கடக்கிறான்.

டைரக்டர் கதையைப் படித்து முடித்தாள். பள்ளிக்கூடத்தில் விளையாட்டு வாத்தியாராக இருப்பவர்தான் எங்கள் கேப்டன். அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, "எதிரிங்களா யார் நடிக்கறாங்க?" என்றார்.

டைரக்டர் எங்களையே பார்த்தாள்.

ஆக, நாங்களேதான் எதிரிகளும். வேறு ஆளும் இல்லை, ஆளுக்குப் போட உடுப்பும் இல்லை. கோட்டு வெளியே பச்சை, உள்ளே காக்கி. திருப்பிப் போட்டுக்கொண்டு, மூக்குக்கு மேல் வரை ஒரு துணியைக் கட்டிக்கொண்டால் எதிரி. காலையில் நம்மை நாமே சுற்றி வளைப்பது, மதியம் நம்மிடமிருந்து நாமே தப்பிப்பது. வாத்தியார், "இந்தச் சண்டையில எப்படியும் நாமதான் ஜெயிப்போம்" என்றார்.

பிப்ரவரி 22, ஞாயிறு

முதல் நாள் படப்பிடிப்பு! முகம் முழுக்கக் கரி, காதுக்குள் மண். எழுத உட்கார்ந்தால் நோட்டில் கொட்டுகிறது.

உயிரோடு இருப்பது இவ்வளவு கஷ்டம் என்று யாராவது முன்பே சொல்லியிருக்கலாம். சாவுக்கு ஒரு முறை இருக்கிறது. குண்டு பட்டதும் அரை நொடி நிற்க வேண்டும், முட்டி மடங்க வேண்டும், விழ வேண்டும். முக்கியமானது: விழும்போது முகத்தைக் கேமரா பக்கம் திருப்பிவிட வேண்டும். கூட்டத்தில் சாகிறவர்களுக்கு அது எழுதாத சட்டம். இல்லாவிட்டால் வீட்டில் இருப்பவர்களுக்கு, "அதோ அந்த முதுகு நான்தான்" என்று காட்ட வேண்டியிருக்கும். எனக்கு அது ஊறிப்போய்விட்டது. எங்கே தள்ளினாலும் முகம் லென்ஸைத் தேடிக்கொள்ளும்.

இன்று சும்மா சுவரில் சாய்ந்து உட்கார வேண்டும், அவ்வளவுதான். டைரக்டர் மானிட்டரிலிருந்து எட்டிப் பார்த்து, "மாஸ்டர், ஏன் பொட்டுனு போயிடற மாதிரியே உட்கார்ந்திருக்கீங்க?" என்றாள். கேமராக்காரர் இன்னொன்று கண்டுபிடித்தார். வெடிச்சத்தம் கேட்டதும் என் வலது கால் தரையை அழுத்துகிறதாம். பிரேக். எத்தனை வருஷப் பழக்கம்! வீட்டில் டிவியில் யாராவது ஓடினால்கூட அழுத்துகிறேன் என்று மகள் கிண்டல் செய்வாள்.

காலைப் பெட்டிக்குப் பின்னால் ஒளித்துவைத்து எடுத்தார்கள்.

மார்ச் 1, ஞாயிறு

எதிரியின் டாங்கி இன்று வந்தது. என்னுடைய வகுப்புக் கார்தான். மேலே பிளைவுட், அதற்கு மேல் பிளாஸ்டிக் குழாய், சுற்றிலும் சாக்கு. உள்ளே நான் ஓட்ட, பக்கத்தில் வாத்தியார் குழாயைத் திருப்பினார். வெளியே எதுவும் தெரியவில்லை. டைரக்டர் போனில் "லெஃப்ட், லெஃப்ட், நேரா" என்று வழி சொன்னாள். ஒரு காலத்தில் நான் அவளுக்குச் சொன்னதை வட்டியோடு திருப்பிக் கொடுத்துவிட்டாள்.

புகைக்குள்ளிருந்து அது வந்ததைப் பார்த்து கேமராக்காரருக்கே மயிர்க்கூச்செறிந்ததாம். பிறகு மானிட்டரில் போட்டுப் பார்த்தால் — டாங்கியின் நெற்றியில் சிவப்பாக 'எல்' போர்டு. ஓட்டக் கற்றுக்கொண்டிருக்கும் டாங்கி. வயிறு வலிக்கச் சிரித்தோம். மறுபடி எடுத்தோம்.

மார்ச் 5, வியாழன்

அவள் துணி மடித்துக்கொண்டே எனக்கு வசனம் சொல்லிக்கொடுக்கிறாள். டைரக்டரின் கையெழுத்து எனக்கே புரியாது. டாக்டர் சீட்டைப் படித்துப் பழகியவளுக்கு அதெல்லாம் தண்ணீர் பட்டபாடு.

கேப்டனுடைய வரிகளை அவள் படித்தாள். "என்ன சொல்றாங்க? நமக்கு ஆள் அனுப்பறாங்களா?" — ஒரு போர்வையின் முனையைப் பிடித்துக்கொண்டு.

"பேர் வாசிக்கறாங்க சார்" என்றேன்.

"யார் பேரு?"

"நம்ம பேரு."

போர்வையின் மறுமுனை என் கையில் இருந்தது. அவள் மடிக்காமல் அப்படியே நின்றாள். பிறகு, "இப்படியே சொல்லுங்க. சத்தமா சொல்லாதீங்க" என்றாள்.

மார்ச் 8, ஞாயிறு

சொன்னேன். அப்படியே சொன்னேன்.

டைரக்டர் "கட்" சொல்ல மறந்துவிட்டாள். நாங்கள் ஆறு பேரும் என்ன செய்வதென்று தெரியாமல் செத்தவர்களாகவே உட்கார்ந்திருந்தோம். கடைசியில் கேமராக்காரர்தான் சொன்னார். வாத்தியார் என் தோளைப் பிடித்து உலுக்கி, "யோவ், இத்தனை வருஷமா உன்னை ஏன்யா கொன்னாங்க?" என்றார்.

எனக்கு நடிக்க வருகிறது. இந்த வயதில் தெரிந்து என்ன என்று கேட்கலாம். எனக்குக் கவலையில்லை. வருகிறது!

மார்ச் 22, ஞாயிறு

வெடி நாள். இன்று நடந்ததை ஒழுங்காக எழுதப் பார்க்கிறேன்.

நாளை கிடங்கை இடிக்க ஆட்கள் வருகிறார்கள். அதற்கு முன்னால் முன்பக்கச் சுவரை நாமே விழவைத்துப் படமெடுத்துக்கொள்ளலாம் என்று அனுமதி. சுவர் ஒன்றுதான், டேக்கும் ஒன்றுதான். எதிரிகள் ஓடிவர, சுவர் சரிந்து அவர்கள் மேல் புழுதி மூட வேண்டும். கம்பி கட்டி இழுக்க ஒரு லாரி, புகைக்கும் நெருப்புக்கும் முறையாக லைசென்ஸ் வைத்திருக்கும் வெடிக்காரர். வாத்தியாருக்குப் பள்ளியில் விளையாட்டு விழா, வரவில்லை. ஓட ஒரு எதிரி குறைந்தது. "நான் ஓடறேன்" என்றேன். முகத்தில்தான் துணி இருக்கிறதே. கோட்டைத் திருப்பிப் போட்டுக்கொண்டேன்.

அப்பா! அந்தச் சத்தம்! முதுகுக்குப் பின்னால் சுவர் ஒரு முறை உறுமியது, அப்புறம் மொத்தமாக வந்தது. காற்றே என்னைத் தள்ளியது. விழுந்தேன். புழுதி அடங்கியதும் எல்லோரும் கத்துகிறார்கள், கட்டிப்பிடிக்கிறார்கள், டைரக்டர் செங்கல் குவியலின்மேல் ஏறி நின்று குதிக்கிறாள். பெரிய படக்காரர்களுக்குக்கூட இப்படி ஒரு சுவர் விழுந்திருக்காது.

பிறகு மானிட்டர்.

எதிரி ஓடிவருகிறான். சுவர் அசைகிறது. அவன் விழுகிறான். காற்றில் துணி கழுத்துக்கு இறங்கிவிட்டது. சரி, அது காற்றின் வேலை. ஆனால் அதற்கப்புறம் அவன் முகத்தைத் திருப்புகிறான். மெதுவாக, அழகாக, நேராகக் கேமரா பக்கம். பாஸ்போர்ட் போட்டோ மாதிரி நான்.

யாரும் திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை.

மார்ச் 23, திங்கள்

என்னத்துக்குத் திருப்பினேன்? யார் திருப்பச் சொன்னார்கள்? எதிரியாத்தானே ஓடினே, பேசாம மண்ணுல மூஞ்சியப் புதைச்சுக்கிட்டுக் கிடக்க வேண்டியதுதானே! எல்லாம் பழக்கம். என் முகம் தெரியணும், என் முகம் தெரியணும்னு அலைஞ்ச பழக்கம்.

நான் திரும்புவதற்கு முன்னால் ஷாட்டை வெட்டினால் சுவர் விழுவதும் சேர்ந்து போய்விடும். கேமராக்காரர் மென்மையாகத்தான் சொன்னார்: "சுவரைத் திரும்பக் கட்ட முடியாது. ரேடியோ சீன் எல்லாம் ஒரு அறைக்குள்ளதான். ரேடியோக்காரனா வேற ஆளை வெச்சு மறுபடி எடுத்துடலாம்." என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார். சொன்னது சரி. அவர் இடத்தில் நானும் அதைத்தான் சொல்வேன்.

டைரக்டர், "யோசிக்கணும் மாஸ்டர்" என்றாள்.

வேறு ஆள் என்றால், பெயர் வாசிக்கிற சீன் போச்சு. ஆற்றைக் கடக்கிற சீனும் போச்சு. நான் சுவர் விழுந்து சாகிற ஒரு எதிரி, அவ்வளவுதான். மறுபடியும் அதே.

வீட்டில் அவளிடம் எப்படிச் சொல்வேன்?

மார்ச் 25, புதன்

இன்று வகுப்பில் காரணமே இல்லாமல் மூன்று முறை பிரேக் போட்டேன். பேக்கரிக்கார அம்மா, "நான் இன்னும் ஸ்டார்ட்டே பண்ணலையே மாஸ்டர்" என்றார்.

சாயங்காலம் அவள் துணிக்கூடையோடு வந்து உட்கார்ந்தாள். "வசனம் படிக்கலையா?"

சொல்லிவிட்டேன். துணி இறங்கியது, முகம் திரும்பியது, வேறு ஆள் போடலாம் என்பது, எல்லாவற்றையும். மகள் உள்ளேயிருந்தே, "ரெட்டைப் பிறவின்னு கதையை மாத்திடுங்கப்பா" என்று குரல் கொடுத்தாள். யாரும் சிரிக்கவில்லை.

அவள், "அப்ப இதுலயும் செத்துட்டீங்க" என்றாள்.

"நானா செத்தேன்? எதிரியாத்தான்."

"எதிரியா இருந்தா என்ன? முகம் உங்களோடதுதானே? பார்க்கறவளுக்கு ரெண்டும் ஒண்ணுதான்."

கோபமாகச் சொல்லவில்லை. அதுதான் தாங்க முடியவில்லை. ஒரு சட்டையைக்கூட மடிக்காமல் கூடையை எடுத்துக்கொண்டு போனாள்.

மார்ச் 26, வியாழன்

டைரக்டருக்குப் போன் செய்தேன். தாராளமாக வேறு ஆளைப் போடு, எனக்காகப் படத்தைக் கெடுத்துக்கொள்ளாதே என்று சொல்லத்தான். காலையிலிருந்து ஒத்திகை பார்த்து வைத்திருந்தேன். அதைச் சொல்லி முடித்ததும், வீட்டில் மனைவி என்ன சொன்னாள் என்று டைரக்டர் கேட்டாள். சொன்னேன்.

"என்ன சொன்னாங்க? இன்னொரு தடவை சொல்லுங்க" என்றாள்.

"எதிரியா இருந்தா என்ன, முகம் உங்களோடதுதானேன்னு."

"மாஸ்டர், நான் அப்புறம் கூப்பிடறேன்" என்று வைத்துவிட்டாள்.

மார்ச் 28, சனி

மாத்திட்டா! மாத்திட்டா!

காலையில் டைரக்டர் நேராக வகுப்புக்கே வந்துவிட்டாள். பாங்க் மேனேஜரைப் பின்சீட்டில் உட்காரவைத்துவிட்டு, முன்சீட்டில் உட்கார்ந்து கையை ஆட்டி ஆட்டிச் சொன்னாள். ரேடியோக்காரன் விழுந்த சுவரைத் தாண்டி வெளியே வருகிறான். வழியில் எதிரி ஒருவன் கிடக்கிறான். அவன் பையில் தண்ணீர் இருக்குமா என்று பார்க்கக் குனிகிறான். முகத்தைப் பார்க்கிறான். அது அவனுடைய முகம். ரெட்டைப் பிறவி இல்லை, கனவு இல்லை, விளக்கம் எதுவும் கிடையாது. கொஞ்ச நேரம் பார்க்கிறான். கழுத்தில் கிடக்கும் துணியை எடுத்து அந்த முகத்தை மூடிவிட்டு ஆற்றைப் பார்த்து நடக்கிறான்.

"நீங்க திரும்பினது தப்பில்லை மாஸ்டர். படத்துல அதுதான் இல்லாம இருந்துச்சு. உங்க வீட்டுல அவங்க சொன்னப்பதான் எனக்கே தெரிஞ்சுது."

பின்சீட்டிலிருந்து பாங்க் மேனேஜர், "எனக்குப் புல்லரிக்குது. ஆனா என் கிளாஸ் டைம் முடிஞ்சிடுச்சு" என்றார்.

நான் உயிரோடு இருக்கிறேன். செத்தும் இருக்கிறேன். ஆனால் இருக்கிறேன்!

வீட்டில் மாற்றத்தைச் சொன்னேன், துணியை மட்டும் சொல்லவில்லை. "பார்க்கலாம்" என்றாள். வருகிறேன் என்று இந்த முறை சொல்லவில்லை.

ஏப்ரல் 5, ஞாயிறு

கிடங்கு இப்போது வெறும் செங்கல் மேடு. அதுவும் நமக்கு நல்லதாகப் போயிற்று.

என் பிணமாக வாத்தியார் படுத்தார். முதுகும் கையும் மட்டும் தெரியும். முகத்துக்கு அன்று எடுத்தது இருக்கிறது. "உன்னை மாதிரி சாகறது கௌரவமான விஷயம்யா" என்று சொல்லிவிட்டு, குறுகுறுவென்று எறும்பு ஊறியும் அசையாமல் கிடந்தார். நல்ல மனுஷன்.

முதல் டேக். குனிந்தேன், பார்த்தேன், துணியை எடுத்தேன், மூடினேன். சரியாக வந்தது. டைரக்டர் இன்னொன்று போகலாம் என்றாள்.

இரண்டாவது டேக்கில் துணியைக் கையில் எடுத்துவிட்டேன். மூட முடியவில்லை. வாத்தியாருடைய கன்னம்தான் எதிரே இருந்தது, ஆனால் நான் பார்த்தது அது இல்லை. ஆஸ்பத்திரியில் ஒரு பெண் துணியை விலக்கிக்கொண்டு நிற்கிறாள். விலக்கியவள் அவள். மூடுகிறவன் நானாக இருக்க மாட்டேன் என்று தோன்றியது. அந்தத் துணியாலேயே கன்னத்தில் இருந்த புழுதியைத் துடைத்தேன். துடைத்துவிட்டு, முகத்தைத் திறந்தபடியே விட்டுவிட்டு எழுந்து நடந்தேன்.

சொன்னதைச் செய்யாததற்கு இன்று திட்டு வாங்கப் போகிறோம் என்று நினைத்தேன். டைரக்டர் வந்து, "இதுதான். இன்னொண்ணு வேண்டாம்" என்றாள். கண் சிவந்திருந்தது. புழுதி என்று சொன்னாள்.

அப்புறம் ஆறு. தண்ணீர் ஐஸ். முட்டிவரை, இடுப்புவரை, கழுத்துவரை. அக்கரையில் ஏறித் திரும்பிப் பார்த்தேன். எல்லோரும் கைதட்டிக்கொண்டிருந்தார்கள்.

நான் நடித்து முடித்துவிட்டு என் காலாலேயே வீட்டுக்கு வந்தேன்.

ஏப்ரல் 6, திங்கள்

ஜலதோஷம். அவள் கடையிலிருந்து மாத்திரை கொண்டுவந்தாள். "உயிரோட இருக்கறவங்களுக்குத்தான் இதெல்லாம் வரும்" என்றாள்.

மே 20, புதன்

பாங்க் மேனேஜர் லைசென்ஸ் வாங்கிவிட்டார். ரோட்டில் நடப்பவர்களைக் கடவுள்தான் காப்பாற்ற வேண்டும். படத்தைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. எடிட்டிங்கில் இருக்கிறது, சத்தம் சேர்க்கிறோம் என்கிறாள் டைரக்டர். வெட்டும்போது என்னை வெட்டிவிடாதே என்று கேட்க வாய் வரை வந்தது. கேட்கவில்லை.

ஜூலை 12, ஞாயிறு

டைரக்டர் ஒரு சின்ன அரங்கத்தைக் காலைக் காட்சிக்கு எடுத்திருந்தாள். நடித்தவர்கள், அவரவர் வீட்டினர், கிடங்கின் சொந்தக்காரர், லாரிக்காரர், பாங்க் மேனேஜர் குடும்பத்தோடு. (தானே ஓட்டிக்கொண்டு வந்தாராம். முழுசாக வந்து சேர்ந்தார்கள்.)

அவள் வந்தாள். காலையில் எழுந்து எதுவும் சொல்லாமல் புடவை மாற்றிக்கொண்டு வாசலில் நின்றாள். ஓரத்து சீட்டில்தான் உட்கார்ந்தாள், எழுந்து போக வசதியாக. நான் அவளிடம், "சுவர் வரும்போது சொல்றேன், கண்ணை மூடிக்க" என்றேன். தலையை ஆட்டினாள்.

டாங்கி வந்தபோது அரங்கமே சீட்டைப் பிடித்துக்கொண்டது. நம் பிளைவுட்! ரேடியோ சீனில் பின்னால் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். "நம்ம பேரு" என்று திரையில் நான் சொன்னபோது அவளுடைய உதடும் அசைந்தது. போர்வையின் மறுமுனை எனக்கு ஞாபகம் வந்தது.

சுவர். "இப்ப" என்றேன். அவள் மூடவில்லை. முகத்தைத் துணியால் மூடிய எதிரிகள் கும்பலாக ஓடிவருகிறார்கள். நான் யார் என்று எனக்கே அடையாளம் தெரியாத நேரத்தில் அவள் கை என் கையை வந்து பிடித்தது. அதற்கப்புறம்தான் அவன் விழுந்தான், அதற்கும் அப்புறம்தான் முகம் திரும்பியது.

ரேடியோக்காரன் குனிந்து துணியைக் கையில் எடுத்தபோது, அவள் எழுந்துவிடுவாள் என்று நினைத்தேன். கால்களை உள்ளே இழுத்துக்கொண்டாள். அவன் புழுதியைத் துடைத்தான். முகத்தைத் திறந்தபடியே விட்டுவிட்டு நடந்தான். அவள் மூச்சு விட்டது எனக்குக் கேட்டது.

விளக்கு போட்டதும் எல்லோரும் எழுந்து கத்தினார்கள். வாத்தியார் என்னைத் தூக்கப் பார்த்து இடுப்பைப் பிடித்துக்கொண்டார். வெளியூரில் ஒரு விழாவுக்குப் படத்தை எடுத்துக்கொண்டார்கள் என்று டைரக்டர் சொன்னாள். என் காதில் பாதிதான் விழுந்தது. அவளைத் தேடிக்கொண்டிருந்தேன். படிக்கட்டில் நின்றாள்.

"முகம் தெரியறதுக்கு முன்னாடியே நீங்கதான்னு தெரிஞ்சுடுச்சு" என்றாள்.

"எப்படி?"

"சுவர் ஆடினதும் ஒருத்தன் மட்டும் பிரேக் அடிச்சான்."

நான் சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை, அழவும் இல்லை. "துணியைப் போட்டுடுவீங்கன்னு நினைச்சேன்."

"முடியல."

அவள் என் சட்டைக் காலரைச் சரிசெய்தாள். கசங்கவே இல்லை, இருந்தாலும் சரிசெய்தாள்.

காரில் பாதி வழி வந்த பிறகு கேட்டாள்: "பழைய படமெல்லாம் இருக்கா? நீங்க செத்தது?"

"டிவிடி இருக்கு. அலமாரிக்கு மேல."

"இறக்கி வைங்க."

ஜூலை 19, ஞாயிறு

மதியத்திலிருந்து வீட்டு ஹாலில் செத்துக்கொண்டிருக்கிறேன்.

ரயிலில் செத்தேன். அரண்மனை வாசலில் செத்தேன். மகள் ஒவ்வொன்றுக்கும் மார்க் போட்டாள். அரண்மனைச் சாவு கொஞ்சம் ஓவர் ஆக்டிங்காம், ஒத்துக்கொள்கிறேன். "ஐயோ" வந்தபோது இருவரும் கைதட்டினார்கள். அவள் எல்லாவற்றிலும் என் காலைத்தான் பார்க்கிறாள். "பாருங்க, இங்கயும் பிரேக்" என்று ராஜா காலத்துக் கதையில்கூடக் கண்டுபிடித்துவிட்டாள்.

கடைசியில் மிஞ்சியது முதல் படம். வேண்டாம் என்றேன். அவளே எடுத்துப் போட்டாள்.

இருபது வருஷத்துக்கு முந்தைய நான். ஒல்லியாக, தலை நிறைய முடியோடு. சுட்டார்கள், விழுந்தேன், முகம் கேமரா பக்கம். அந்த ஆள் வந்து துணியைப் போட்டான். அவள் எழுந்து போகவில்லை. படத்தை அங்கேயே நிறுத்தினாள். ரிமோட்டைக் கண்ணுக்குக் கிட்டே வைத்து பட்டனைத் தேடினாள், அழுத்தினாள்.

துணி என் முகத்தை விட்டு மேலே எழும்பி அந்த ஆளின் கைக்குப் போனது. அவன் பின்னோக்கி நடந்து கதவுக்கு வெளியே போனான். நான் தரையிலிருந்து எழுந்து நின்றேன்.

"அவ்வளவுதான்" என்று டிவியை அணைத்தாள். டீ போடட்டுமா என்று கேட்டாள். போடச் சொன்னேன்.